அரைப் பேர்

நிவித்திகல டவுனுக்கு மேலே, றப்பரும் தேயிலையும் கலந்து நிற்கிற மலையில், நான் பிறந்த தோட்டத்து முனியாண்டிக்கு இப்போது பெயர் முனீஸ்வரர். பலகையில் முன்னால் ‘அருள்மிகு ஸ்ரீ’ இருக்கிறது. பின்னால் ‘சுவாமி தேவஸ்தானம்’ இருக்கிறது. பலகை எழுதியவர் எழுத்துக்கு இவ்வளவு என்று கூலி பேசினாராம். சாமியின் பெயர் நீண்டதில் அவருக்கு லாபம்.

நான் சின்னப் பையனாக இருந்தபோது சாமியைப் பெயர் சொல்லிக் கூப்பிடுவதே குறைவு. அப்பாயி கையை அந்தத் திசைக்கு நீட்டி, ‘அங்கிட்டு இருக்கிறவன்’ என்பாள். பலாமரத்தடியில் மூன்று கல், துருப்பிடித்த ஒரு சூலம், பிற்பாடு யாரோ சேர்த்த சுதைச் சிலை. முறுக்கு மீசை, பிதுங்கிய கண், வெளியே தெரிகிற பல், கையில் அரிவாள். வருசத்துக்கு ஒரு தடவை சேவல் ஒன்று, சாராயம் ஒரு போத்தல், சுருட்டு ஒரு கட்டு. சாராயத்தில் பாதி சாமிக்கு, பாதி பூசாரிக்கு என்பது கணக்கு. சாமியின் பாதியும் பூசாரியிடமே போய்ச் சேரும் என்பது ஊரறிந்த கணக்கு. பூசாரி காலையில் கவ்வாத்து வெட்டிவிட்டு, பீலியில் குளித்து, அந்த ஈரத்தோடு வந்து நிற்பவர். அவருக்கு மந்திரம் தெரியாது. சாமியோடு சண்டை போடத் தெரியும். ‘போன வருசம் கேட்டதக் குடுத்தியா?’ என்று எல்லோர் முன்னாலும் கேட்பார்.

இப்போது சீமெந்துக் கட்டடம், வர்ணம் பூசிய தூபி, ஓடுபதித்த தரை. குருக்கள் வெளியூரிலிருந்து வானில் வருகிறார். யாகசாலை, எண்ணெய்க்காப்பு, கும்பாபிஷேகம், நாற்பத்தெட்டு நாள் மண்டலாபிஷேகம் எல்லாம் முறைப்படி நடந்தன. சேவல் நின்றுவிட்டது. சுருட்டுக்குப் பதில் சர்க்கரைப் பொங்கல். புதுச் சிலைக்குப் பல் இல்லை. அதாவது வாய் மூடியிருக்கிறது. அரிவாள் இருந்த கை அபயம் காட்டுகிறது.

இதைக் கேலியாக எழுதுவது சுலபம். அந்தப் பத்தியை என்னால் கண்ணை மூடிக்கொண்டு எழுத முடியும். ஆனால் கோயில் கமிட்டியில் இருந்தவன் என் சித்தப்பா மகன். நானும் காசு கொடுத்தவன். ‘இதெல்லாம் எதுக்குடா, முனியாண்டி முனியாண்டியாவே இருக்கட்டுமே’ என்று நான் பட்டணத்துப் பேச்சுப் பேசியபோது அவன் ஒரே ஒரு கேள்வி கேட்டான்: ‘எல்லாச் சாமியும் கூரைக்குள்ள இருக்கு. நம்ம சாமி மட்டும் எதுக்கு மழையில நனையணும்?’ இரத்தினபுரிப் பக்கத்து மழையில் நனைந்து வளர்ந்தவனுக்குத்தான் அந்தக் கேள்வியின் எடை தெரியும். எனக்குப் பதில் வரவில்லை. இந்தக் கட்டுரை அந்தப் பதிலைத் தேடி எழுதுவது. கிடைத்துவிட்டது என்று சொல்லமாட்டேன்.

இந்த விஷயத்துக்குச் சமூகவியலில் பெயர் இருக்கிறது. மைசூர் ஐயங்கார் வீட்டுப் பிள்ளையான எம். என். ஸ்ரீநிவாஸ் குடகு மக்களைப் பற்றி 1952இல் வெளியிட்ட நூலில் அதைச் சொன்னார். கீழே இருக்கும் சாதி கள்ளையும் கறியையும் விட்டு, மேலே இருப்பவர்களின் சடங்கையும் சாமியையும் எடுத்துக்கொண்டு, ஒன்றிரண்டு தலைமுறையில் ஒரு படி ஏறிவிடலாம் என்பது அவர் கண்டது. வேடிக்கை என்னவென்றால், அவர் அதைக் கண்டெடுத்த குடகர்கள் தங்களை க்ஷத்திரியர் என்று சொல்லிக்கொண்டே பன்றிக்கறியும் சாராயமும் விடாதவர்கள். தமிழில் சமஸ்கிருதமயமாக்கம் என்கிறோம். இலங்கையில் நம் பேராசிரியர்கள் ‘மேனிலையாக்கம்’ என்று எழுதுகிறார்கள். எனக்கு இந்தச் சொல்லில் ஒரு நெருடல் உண்டு. எது மேல் என்பதைச் சொல்லே தீர்மானித்துவிடுகிறது.

ஸ்ரீநிவாஸ் பிறந்தது 1916 நவம்பரில். அதே 1916 மே மாதம் நியூயோர்க்கில், கொலம்பியா பல்கலைக்கழகக் கருத்தரங்கு ஒன்றில், இருபத்தைந்து வயது மாணவர் ஒருவர் இந்தியச் சாதிகளைப் பற்றி ஒரு கட்டுரை வாசித்தார். அம்பேத்கர். ‘போலச்செய்தல்’ என்பதை முழுக்க வேறு முகத்தோடு காட்டியது அந்தக் கட்டுரை. சாதி உண்டானதே அப்படித்தான் என்றார். பிராமணர் தங்களுக்குள் கதவை அடைத்துக்கொண்டார்கள். அடைத்துக்கொள்வதே கௌரவம் என்று நினைத்து மற்றவர்களும் அடைத்துக்கொண்டார்கள். ஸ்ரீநிவாஸுக்கு ஏணியாகத் தெரிந்தது அம்பேத்கருக்குத் தொற்றாகத் தெரிந்தது. பிரெஞ்சுக்காரர் கப்ரியேல் தார்தின் விதியையும் அவர் துணைக்கு எடுத்தார்: தூரம் குறையக் குறையப் போலச்செய்தல் கூடும். பிராமணருக்கு மிகப் பக்கத்தில் இருந்த சாதிகள் உடன்கட்டை, விதவைக் கோலம், குழந்தை மணம் மூன்றையும் எடுத்துக்கொண்டன. தள்ளியிருந்தவை இரண்டை, இன்னும் தள்ளியிருந்தவை ஒன்றை. வெகுதூரத்தில் இருந்தவை சாதி என்ற எண்ணத்தை மட்டும் எடுத்துக்கொண்டன.

இந்தத் தூரக் கணக்கைப் படித்தபோது எனக்கு எங்கள் மலைதான் ஞாபகம் வந்தது. எங்களுக்கும் பிராமணருக்கும் நடுவில் ஒரு கடல் இருந்தது. தோட்டத்து லயத்தில், அந்த வரிசைக் காம்பராக்களில், ஐயர் குடும்பம் என்று ஒன்று எந்தக் காலத்திலும் இருந்ததாக நான் கேட்டதில்லை. அப்படியானால் நாங்கள் யாரைப் பார்த்துச் செய்தோம்?

முதலில் கங்காணியை. இராமநாதபுரம், திருநெல்வேலி, மதுரை, திருச்சி, சேலம் என்று பல சீமைகளிலிருந்து ஆள் கட்டிக்கொண்டு வந்த பெரிய கங்காணிமார் பெரும்பாலும் குடியானவர்கள். வெள்ளாளர், கள்ளர், அகமுடையார் என்று அங்கே பத்துப் பெயரில் இருந்தவர்கள் இங்கே குடியானவர் என்ற ஒரே பெயருக்குள் வந்து மேலே உட்கார்ந்தார்கள். அங்கே அவர்களுக்கு மேலும் ஆள் இருந்தது. இங்கே அவர்கள்தான் உச்சி. அவர்களுக்குக் கீழே பள்ளர், பறையர், சக்கிலியர். தோட்டத்து ஆட்களில் பெருந்தொகை இவர்கள்தான். கங்காணி ஆள் சேர்த்ததே சொந்தத்தையும் சாதியையும் பிடித்து என்பதால் லயமும் அப்படியே பிரிந்தது. வெள்ளைக்காரத் துரைக்கு அது வசதி; சச்சரவு இல்லாமல் பெரட்டுக்கு, அதாவது காலை ஆள்கணக்குக்கு, ஆள் வந்தால் போதும். எங்கள் தோட்டத்தில் யாரும் சாதிப் பெயர் சொல்வதில்லை. மேல் லயம், கீழ் லயம் என்பார்கள். மலையில் மேடு பள்ளம் இயற்கை என்பதால் வெளியாளுக்கு அது திசை சொல்வது போலத்தான் கேட்கும். நாங்கள் கீழ் லயம்.

அடுத்து, ஆபீஸ். கிளாக்கர், டீமேக்கர், கண்டக்டர் என்று உத்தியோகம் பார்க்க யாழ்ப்பாணத்திலிருந்து வந்தவர்கள். அவர்கள் கொண்டுவந்தது ஆறுமுக நாவலருக்குப் பிந்திய சைவம். 1879இல் மறைந்த நாவலர் தம் வாழ்நாள் முழுக்க உயிர்ப்பலிக்கும் சிறுதெய்வத்துக்கும் எதிராகப் பேசியவர், எழுதியவர். கண்ணகியைக் கூட அவர் விடவில்லை. யாழ்ப்பாணத்துக் கண்ணகி கோயில்கள் பல பிற்பாடு இராஜராஜேஸ்வரி, புவனேஸ்வரி என்று பெயர் மாறின. அந்தச் சைவத்தில் குருக்கள் பிராமணர்தான், ஆனால் கோயில் வெள்ளாளருடையது. சம்பளம் கொடுப்பவர் யார், வாங்குபவர் யார் என்பதில் அங்கே யாருக்கும் மயக்கம் கிடையாது. ஆக எங்கள் முனியாண்டி ஏறி நிற்பது பிராமணப் படியில் என்பதே சரியில்லை. யாழ்ப்பாணத்து வெள்ளாளர் ஆகமத்தைப் பார்த்து ஒன்றைச் செய்தார்கள், அதைப் பார்த்துப் பெரிய கங்காணி செய்தார், அதைப் பார்த்து மேல் லயம் மாரியம்மனுக்குக் கோபுரம் வைத்தது, அதைப் பார்த்து நாங்கள். மூலப்பிரதியை நாங்கள் கண்ணால் பார்த்ததில்லை.

அம்பேத்கர் சொன்ன தூரம் குறைந்ததெல்லாம் ரொம்பப் பின்னால். கசட் வந்தது, தொலைக்காட்சி வந்தது, இப்போது போனில் எந்த ஊர்க் கும்பாபிஷேகத்தையும் லயத்துத் திண்ணையில் உட்கார்ந்தபடி பார்க்கலாம். நூறு வருசத்துக்கு மேல் முனியாண்டியாக இருந்தவர் கடைசி முப்பது வருசத்துக்குள் முனீஸ்வரர் ஆனது தற்செயல் அல்ல. இடையில் நின்ற கடல் வற்றிவிட்டது. பெயர் மாறாத சாமிகளும் இருந்தன. ரோதை முனி என்று ஒரு சாமி தேயிலை ஸ்டோரின் சக்கரத்தைக் காத்தது; கவ்வாத்துச் சாமி என்று ஒன்று கத்தி எடுக்கும் முதல் நாளில் தேங்காய் வாங்கியது. இந்த மண்ணில் இந்த வேலையிலிருந்தே பிறந்த சாமிகள். இவற்றுக்கு ஆகமத்தில் இடம் கிடையாது. பெயர் மாற்றக்கூட வழியில்லாததால் இவை சும்மா மறைந்துபோய்க்கொண்டிருக்கின்றன.

பிராமணர் ஒருவரும் தோட்டத்துக்கு வரவில்லையா என்றால், ஒருவர் வந்தார். தஞ்சாவூர்க்காரர் கோ. நடேசய்யர். வெளியாள் தோட்டத்துக்குள் நுழைந்தால் அத்துமீறல் என்று சட்டம் இருந்த காலத்தில், 1920ஐ ஒட்டி, புடவை விற்கிற வியாபாரியாக வேஷம் போட்டு லயங்களுக்குள் போனார். ஆட்களைச் சேர்த்தார், சங்கம் கட்டினார். 1931இல் அட்டனில் அவர் அமைத்த சம்மேளனத்திலிருந்துதான் தோட்டத் தொழிற்சங்க வரலாற்றைத் தொடங்க வேண்டும். எங்களிடம் வந்த ஐயர் மூட்டையைத் தோளில் தூக்கிக்கொண்டு எங்களைப் போல வந்தார். அவரைப் பார்த்து நாங்கள் எடுத்துக்கொண்டது சங்கத்தை. பூணூலை அல்ல.

வேஷம் என்ற சொல் வந்துவிட்டதால் தமிழ் பௌத்தம் பேசிய அயோத்திதாசரைச் சொல்லாமல் போக முடியாது. ‘வேஷ பிராமணர்’ என்று எழுதியவர் அவர். பண்டைய பௌத்த அறிஞர்களே யதார்த்த பிராமணர். இன்று பிராமணர் என்று நடப்பவர்கள் அவர்களைப் பார்த்து வேஷம் கட்டியவர்கள் என்பது அவர் வாதம். வரலாறாக அதை ஏற்பதும் ஏற்காததும் வேறு விஷயம். எனக்குப் பிடித்தது அதன் திமிர். நீ என்னைப் பார்த்துச் செய்கிறாய் என்று மேலே இருப்பவன் சொல்வதற்கு முன், நீதானடா என்னைப் பார்த்துச் செய்தவன் என்று திருப்பிவிடுகிறது. 1898இல் அவர் பிரம்மஞான சபைக் கர்னல் ஒல்கொட்டோடு கொழும்புக்கு வந்து ஹிக்கடுவே சுமங்கல தேரரிடம் பஞ்சசீலம் ஏற்றார். அந்தத் தேரர் சிவனொளிபாத மலையின் நாயக்க தேரராகவும் இருந்தவர். அது எங்கள் சப்பிரகமுவ மலை. தமிழ்நாட்டில் ஏணியே வேண்டாம் என்று ஒருவர் கப்பலேறி வந்த திசையில்தான் ஆயிரக்கணக்கான பறையர், பள்ளர் கொழுந்துக் கூடைக்காக வந்து இறங்கிக்கொண்டிருந்தார்கள். இரண்டு பயணமும் ஒன்றையொன்று கண்டுகொண்டதாகத் தெரியவில்லை. கண்டிருந்தாலும், சிங்கள பௌத்தத்தில் சியாம் நிக்காயா என்ற பிக்குப் பிரிவு கொவிகம சாதிக்கு மட்டும் என்று 18ஆம் நூற்றாண்டிலேயே ஆகியிருந்தது. கடலோரத்துச் சாதிகள் பர்மாவுக்குப் போய் உபசம்பதா என்ற துறவுத் தீட்சை பெற்று 1803இல் அமரபுர நிக்காயாவை நிறுவ வேண்டியிருந்தது. அவர்கள் கெஞ்சவில்லை, வேறு ஏணி கொண்டுவந்தார்கள்.

ஏறிய கதையும் சொல்ல வேண்டும். எங்கள் பாட்டன்மார் கப்பலேறிய அதே இராமநாதபுரச் சீமையில், கமுதி மீனாட்சி சுந்தரேஸ்வரர் கோயிலுக்குள் 1897இல் நாடார்கள் நுழைந்தார்கள். அந்தச் சீமையின் ராஜா பாஸ்கர சேதுபதி வழக்குப் போட்டார். 1908இல் லண்டன் பிரிவி கவுன்சில் வரை போய் நாடார்கள் தோற்றார்கள். இடையில் 1899இல் சிவகாசி எரிந்தது. க்ஷத்திரியர் என்றார்கள், பூணூல் போட்டார்கள், பல்லக்கு ஏறினார்கள். எல்லாவற்றுக்கும் அடிதான் விழுந்தது. ஆனாலும் ஏறிவிட்டார்கள். எப்படி என்று பார்த்தால், பூணூல் ஏற்றவில்லை. ஒவ்வொரு மூட்டைக்கும் இவ்வளவு என்று எடுத்துவைத்த மகமை ஏற்றியது. அந்தக் காசில் பள்ளிக்கூடம் வந்தது, கடை வந்தது, 1910இல் மகாஜன சங்கம் வந்தது. 1921 கணக்கெடுப்பில் சாணார் என்ற சொல் போய் நாடார் என்று ஏறியபோது அவர்கள் அந்தப் பெயரைத் தாங்குகிற அளவுக்குக் கடைத்தெருவில் காலூன்றியிருந்தார்கள். பூணூல் கொடி மாதிரி. கொடி முன்னால் போகும். சண்டை போடுவது அதல்ல.

எங்களுக்கு மகமை வைக்க மூட்டை ஏது? நிலம் இல்லை. பத்துக்குப் பன்னிரண்டு அடிக் காம்பரா கம்பனியுடையது. 1948 பிரஜாவுரிமைச் சட்டத்தோடு நாடும் இல்லை. 1964 இந்திய-இலங்கை ஒப்பந்தத்தில் எங்களை 5,25,000 அங்கே, 3,00,000 இங்கே என்று எண்ணிப் பிரித்தார்கள். மிச்சம் 1,50,000 பேரைப் பிறகு பார்க்கலாம் என்றார்கள். நிவித்திகலச் சுற்றுவட்டாரம் மாணிக்கக் குழி பூமி. கல் கிடைக்கிற மண்படையைச் சிங்களத்தில் இல்லம் என்பார்கள். ‘இல்லம் கிடைச்சிட்டுது’ என்று குழிக்காரன் கத்தும்போது எங்கள் காதில் அது வீடாக விழும். வீடு, நிலம், ஓட்டு எதுவும் கைக்கு எட்டாத ஆட்களுக்கு ஏற்றிவைக்கக் கூடியது ஒன்றே ஒன்றுதான் மிச்சம் இருந்தது. சாமி. லயத்துக் கூரையை உயர்த்த எங்களால் முடியாது. அது ஒரே தகரம், பன்னிரண்டு காம்பராவுக்கும் சேர்த்து. கோயில் கூரையை உயர்த்தலாம். மாதச் சம்பளத்தில் கோயிலுக்கென்று பிடித்த காசு போதும்.

இன்னொன்றும் இருக்கிறது. இதைக் கமிட்டிக்காரர்கள் நோட்டீஸில் போடமாட்டார்கள்.

ஸ்ரீநிவாஸின் ஏணியில் மேலே இருப்பவன் கீழே பார்க்கிறான், கீழே இருப்பவன் மேலே பார்க்கிறான். எங்கள் மலையில் பார்க்கிற கண் அடிவாரத்தில் இருந்தது. இரத்தினபுரி மாவட்டத்தில் பத்தில் ஒன்பது பேருக்குச் சற்றுக் குறையச் சிங்களவர். போயாவுக்கு வெள்ளை உடுத்தி விகாரைக்குப் போகிற கிராமம் எங்களைச் சுற்றி இருக்கிறது. 1977 ஓகஸ்டில், 1981 ஓகஸ்டில், 1983 ஜூலையில் இந்த மாவட்டத்துத் தோட்டங்களில் லயங்கள் எரிந்தன. பலர் வவுனியாப் பக்கம் போய்விட்டார்கள். இருந்தவர்கள் சத்தத்தைக் குறைத்துக்கொண்டார்கள். சேவலின் கழுத்தை அறுக்கிற சாமி, இரவில் தப்படித்துச் சாராயம் வாங்குகிற சாமி, பக்கத்தில் வைத்துக்கொள்ள ஆபத்தான சாமி. சேவலை நிறுத்த வேண்டும் என்று முதலில் பேசியவர் ஆகமம் படித்தவர் அல்ல. ‘நாட்டாளுக பாக்குறாங்கப்பா’ என்று சிங்களக் கிராமத்தைக் காட்டினார் அவர், அவ்வளவுதான். 2018இல் கோயில் உயிர்ப்பலியைத் தடைசெய்யும் யோசனைக்கு அமைச்சரவை ஒப்புதல் கொடுத்தபோது எங்கள் பூசாரி பெருமூச்சு விட்டார். நாங்கள் முந்திக்கொண்டோம் என்று. ஆகம சுத்தம், பௌத்த ஜீவகாருண்யம், கலவர பயம் மூன்றும் ஒரே பாத்திரத்தில் வெந்தால் அதிலிருந்து எது எது என்று பிரித்தெடுக்க முடியாது. சமூகவியலார் முதலாவதுக்கு மட்டும் பெயர் வைத்திருக்கிறார்கள்.

வேடிக்கையைக் கேளுங்கள். மாணிக்கக் குழி வெட்டுமுன் சிங்களவர் பஹிரவயாவுக்குப் பூசை வைப்பார்கள். பூமிக்கு அடியில் உள்ளதைக் காக்கிற அவன் நம் வைரவன்தான். அந்தப் பழக்கத்தில் கீழ்க்கிராமத்து முதலாளி ஒருவர் குழி இறங்குமுன் எங்கள் முனியாண்டிக்கும் ஒரு நேர்த்தி வைத்துவிட்டுப் போவார். நாங்கள் வெட்கப்பட்ட மீசைக்கும் பல்லுக்கும் அவர் பயந்தார். கும்பாபிஷேகத்துக்குப் பிறகு ஒருநாள் வந்தார். செருப்பைக் கழற்றி உள்ளே போய் நின்றார். கொஞ்ச நேரம் பார்த்தார். வெளியே வந்து உடைந்த தமிழில், ‘பழைய ஆள் எங்கே? இவர் கோவப்படுற மாதிரி தெரியேல்லையே’ என்றார்.

பெயருக்கு வருகிறேன். தோட்டத்தில் பேர் என்றால் சம்பளம். ஒரு நாள் வேலை செய்தால் செக்ரோல் என்கிற ஆள்பதிவில் ஒரு பேர் விழும். கொழுந்து நிறை குறைந்தாலோ மழைக்குப் பாதி நாளில் கலைந்தாலோ அரைப் பேர். ‘இன்னைக்கு அரைப் பேருதான்’ என்று அம்மா கூடையை இறக்கிவைத்தபடி சொல்வாள். ஒரு மனுசிக்கு அரைப் பெயர் எப்படி இருக்க முடியும் என்று யோசிக்கிற வயது எனக்கு அப்போது இல்லை. செக்ரோலில் எழுதியிருந்த பெயர்களோ கருப்பாயி, மூக்கன், செவனு, பிச்சை, குப்பாயி. இப்போது பிள்ளைகளுக்கு டிலுக்ஷன், சஷ்மிகா, கிருஷாந்தினி. ஷ, க்ஷ, ஜ இல்லாமல் பிறப்புப் பதிவு நடப்பதில்லை. சமஸ்கிருதம் என்று வாத்தியார்மார் பல்லைக் கடிக்கிறார்கள். உற்றுக் கேட்டால் அந்தப் பெயர்களில் பாதி சிங்களப் பெயர்கள் போலவும் ஒலிக்கும். பஸ்ஸில் யாராவது பெயர் கேட்டால் ஒரு கணம் யோசிக்க வைக்கிற பெயர்கள். அந்த ஒரு கணத்துக்காகத்தான் வைக்கிறார்கள் என்று நினைக்கிறேன். கருப்பாயிக்கு அந்தக் கணம் கிடைத்ததில்லை.

இந்தியாவில் 1901 கணக்கெடுப்பில் அதன் ஆணையாளர் ரிஸ்லி சாதிகளை மேல் கீழாக அடுக்கப் போய், எங்களை இந்த வரிசையில் போடு, இந்தப் பெயரில் எழுது என்று மனுக்கள் குவிந்தன. இலங்கைக் கணக்கெடுப்பில் இன்று சாதிக் கேள்வி கிடையாது. இனக் கேள்வி உண்டு. 1911 முதல் நாங்கள் ‘இந்தியத் தமிழர்’ என்று தனி வரி. 2012இல் நாட்டின் சனத்தொகையில் 4 வீதத்துக்குச் சற்று மேல் இருந்த அந்த வரி 2024இல் 3 வீதத்துக்குக் கீழே போய்விட்டது. இத்தனைக்கும் ‘மலையகத் தமிழர்’ என்ற பெயரும் சேர்ந்த பிறகு. செத்தவர்களும் போனவர்களும் மட்டும் இதற்குக் காரணமல்ல. பிள்ளையின் பிறப்புச் சான்றிதழில் ‘இலங்கைத் தமிழர்’ என்று எழுதிக்கொள்கிறார்கள். டவுனுக்குப் போய்க் கடை வைத்தவர், ஆசிரியர் ஆனவர், கொழும்பில் வேலை பார்ப்பவர் எல்லாரும். ‘தோட்டக்காட்டான்’ என்று யாழ்ப்பாணத்தான் சொன்ன சொல்லிலிருந்து தப்பிக்க யாழ்ப்பாணத்தானின் வரியிலேயே போய் நின்றுகொள்வது. நான் குறை சொல்லவில்லை. என் மகளின் சான்றிதழிலும் அப்படித்தான் இருக்கிறது.

எங்களுக்குள் உரிமைப் பேச்சும் இல்லாமல் இல்லை. விடியுமுன் பெரட்டுக்கு ஆள் எழுப்ப அடித்த தப்பு, சாவுக்கு அடித்த தப்பு, ‘இனி தொடமாட்டோம்’ என்று கீழ் லயத்து இளந்தாரிகள் ஒருகாலத்தில் பரணில் தூக்கிப் போட்டது. அவர்களுடைய பிள்ளைகள் இன்று அதை மலையகக் கலை என்று மேடையில் அடிக்கிறார்கள். அதற்கும் கைதட்டு விழுகிறது. ஆனால் கும்பாபிஷேகத்துக்கு வெளியூர் நாதஸ்வரம்தான் வந்தது. தப்பு மேடைக்கு ஏறிவிட்டது, கோயில் வாசலுக்கு இன்னும் ஏறவில்லை.

என் அத்தை ஒருத்தி ஒப்பந்தத்தில் அந்தக் கரை போனவள். நீலகிரியில், தாயகம் திரும்பியவர்களுக்கென்று தமிழ்நாடு அரசு உண்டாக்கிய தேயிலைத் தோட்டத்தில் காலம் முழுக்கக் கொழுந்து எடுத்தாள். அவள் பேரன் காலேஜ் சேர்வதற்கு ஆதிதிராவிடர் என்று சாதிச் சான்றிதழ் கேட்டு அலைந்தான். நீ இலங்கைக்காரன், உன் சாதிக்கு என்ன அத்தாட்சி என்று கேட்டார்களாம். கப்பலேறிய பாட்டனின் ஊரைத் தேடி, அந்த ஊரில் அவர்களை ஞாபகம் வைத்திருக்கிற ஒரு கிழவரைத் தேடி, கையெழுத்து வாங்கி வந்தான். நாங்கள் இங்கே சீமெந்தும் சமஸ்கிருதமும் வைத்து மூடுகிற பெயரை அவர்கள் அங்கே ஆதாரத்தோடு தோண்டி எடுத்துச் சட்டைப்பையில் வைத்துக்கொள்கிறார்கள். ஒரே பாட்டனின் பிள்ளைகள். அவனுக்கு அந்தப் பெயரால் காலேஜில் இடம் கிடைத்தது. பெயரை மறைத்ததால் எங்களுக்குக் கிடைத்தது என்ன என்று அவன் கேட்டால் கோபுரத்தைக் காட்டலாம்.

கும்பாபிஷேகத்தன்று அத்தைக்கு வீடியோ கால் போட்டோம். சித்தப்பா மகன் போனைத் தூக்கிப் பிடித்து யாகசாலை, குருக்கள், நாதஸ்வரக்காரர், பந்தலுக்குக் கீழே பட்டு உடுத்திய பெண்கள் என்று ஒவ்வொன்றாகக் காட்டினான். அத்தை கன்னத்தில் போட்டுக்கொண்டாள். ‘நம்ம முனியாண்டியா இது?’ என்று அழுதாள். பலாமரம் எங்கே என்றாள். வெட்டிவிட்டோம் என்றான். கொஞ்ச நேரம் பேசாமல் இருந்தாள். கும்பங்கள் யாகசாலையை விட்டு வெளியே வரத் தொடங்கின. மேளம் உச்சத்துக்குப் போனது.

‘ஏன்டா, கும்பந் தூக்கிட்டு வர்றது ஆரு? மேல் லயத்து ஆளுகளா, நம்ம ஆளுகளா?’

‘எல்லாருந்தான் அத்தை.’

‘எல்லாருமின்னா?’

அவன் போனைத் தூபிப் பக்கம் திருப்பினான். மழை போடத் தொடங்கியிருந்தது. ‘அத்தை, லைன் சரியில்ல, நீ பேசுறது ஒண்ணும் கேக்கல’ என்றான். பக்கத்தில் நின்ற எனக்கு அவள் திரும்பக் கேட்டது நன்றாகக் கேட்டது.